தேர் நின்றது எங்கள் கம்ப்யூட்டரால் அல்ல

1. என் கை செய்தவை

ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். பண்டார் தெங்காரா பக்கத்து எஸ்டேட்டில் செம்பனைக் குலை தூக்கினேன். அங்கிருந்து ஜொகூர் பாருவுக்கு வந்து ஏர்கான் வேலையில் எடுபிடியாகச் சேர்ந்தேன். ஆங்கிலம் தெரியாது. மேனுவலில் இருந்த படங்களைப் பார்த்தே ஒயரிங் கற்றேன். பிறகு சொந்தமாக ஏர்கான் கடை போட்டேன். கோயில் திருவிழாக்களுக்கு என் கையால் ஸ்பீக்கர் பெட்டி அடித்தேன். அந்தப் பெட்டிகள் இன்றைக்கும் பத்து பாகாட் வரை போய்ப் பாடிவிட்டு வருகின்றன. மூன்று கோயில் திருப்பணிகளில் மின்சார வேலை முழுவதும் நான் செய்தது. கடைசியாக, "இனிமே எவன் லா கடைக்கு வந்து கேம் விளையாடுவான்?" என்று எல்லாரும் சிரித்த காலத்தில், ஜொகூர் பாரு பக்கத்து மாசாயில் கேம் கடை திறந்தேன். இன்றுவரை மூடவில்லை.

கடையில் இருப்பவை சிங்கப்பூர் ஆபீஸ்கள் கழித்துப்போட்ட கம்ப்யூட்டர்கள். கணக்கு எழுதவும் கடிதம் அடிக்கவும் செய்யப்பட்டவை. ஒன்றில்கூடத் தனி கிராஃபிக்ஸ் கார்டு கிடையாது. அவற்றில் நான் கேம் ஓட்டினேன். "இதுல ஓடாது" என்று சொன்னவர்கள் வந்து பார்த்துவிட்டு ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு போனார்கள்.

இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகள் படிப்பதற்காக இதை எழுதுகிறேன். ஒரு தேர் நின்ற கதை இது. தேர் கம்ப்யூட்டருக்குள் இருந்தது. தலைகுனிவு மட்டும் கடைக்குள், எங்கள் நாற்காலிகளில் இருந்தது.

2. வடத்தை விடுங்க

விளையாட்டின் பெயர் வேண்டாம். அதில் ஒரு பெரிய நகரம் இருக்கும். லாரி ஓட்டலாம், கடை வைக்கலாம், பல ஊர்க்காரர்கள் இணையத்தில் ஒன்றாகச் சேர்ந்து விளையாடலாம். விளையாட்டைச் செய்த கம்பெனி அதில் வைக்காத ஒன்றை நாமே செய்து சேர்ப்பதற்கு மோட் என்று பெயர். நம் ஆட்கள் சிலர் அந்த நகரத்துக்கு மோட் மேல் மோட் போட்டு, 'நம்ம தாமான்', அதாவது நம்ம குடியிருப்பு, என்று ஒரு சர்வர் நடத்துகிறார்கள். உள்ளே ரொட்டி சானாய் கடை உண்டு, தமிழ்ப்பள்ளி உண்டு, வரிசை வீடுகளும் வாசலில் துணி காயும் கொடிகளும் உண்டு. சர்வரைப் பார்த்துக்கொள்பவன் தினேஷ். கோலாலம்பூரில் இருக்கிறான், முப்பது வயது இருக்கும், அவன் கம்ப்யூட்டர் என் கடைக் கம்ப்யூட்டர்கள் அத்தனையையும் விடப் பெரியது.

அந்த நகரத்துக்குள் அம்மன் கோயில் கட்டியவள் சுசீலா. பாசிர் கூடாங்கில் பிளாஸ்டிக் தொழிற்சாலையில் சரக்கைச் சோதித்து அனுப்பும் வேலை. ஷிப்ட் முடிந்து வந்து, ஃபோனில் வீடியோ பார்த்துப் பார்த்தே கற்றுக்கொண்டு, கோபுரமும் தேரும் அவள் ஒருத்தியே செய்தாள். தேருக்கு ஒரு விதியும் வைத்தாள். வடம் பிடித்திருக்கும் ஒவ்வொருவருடைய கம்ப்யூட்டரும் 'இழுத்தேன்' என்று சொன்ன பிறகுதான் தேர் ஓர் அடி நகரும். ஒருவர் தாமதித்தால் எல்லாரும் காத்திருக்க வேண்டும்.

"நெஜ தேருல வயசானவங்க இழுக்கறப்ப அவங்கள விட்டுட்டா ஓடுறோம்?" என்று கேட்பாள்.

சர்வரில் நடக்கவிருந்த தேர்த் திருவிழாவுக்கு முன்னால் ஒரு ஞாயிறு மதியம் ஒத்திகை வைத்தார்கள். என் கடை நிரம்பிவிட்டது. முனியாண்டி வேட்டி கட்டிக்கொண்டு வந்திருந்தான். முனியாண்டி துறைமுகத்தில் கண்டெய்னர் லாரி ஓட்டுபவன், என் கடையில் நிரந்தர வாடிக்கை. தேர்த் திருவிழா வரும்போதெல்லாம் அவனுக்கு டூட்டி விழுந்துவிடும். நிஜத் தேரின் வடத்தை அவன் தொட்டதே கிடையாது.

"கேம் விளையாட வேட்டியா லா?" என்று கேட்டேன்.

"தேர் இழுக்க ஜீன்ஸா போட்டுக்குவாங்க? நீங்க வேற பாஸ்" என்றான்.

தேர் கிளம்பியது. கிள்ளான், ஈப்போ, பினாங்கு என்று எல்லா ஊர்க்காரர்களும் வடத்தில் இருந்தார்கள். முதல் தெரு நன்றாகப் போனது. கோயில் தெருவுக்குள் திரும்பியதும் என் கடைத் திரைகள் எல்லாம் ஒரே நேரத்தில் திக்கின. எஃப்.பி.எஸ். என்பது ஒரு விநாடியில் திரையில் எத்தனை படம் மாறுகிறது என்ற கணக்கு. முப்பது இருந்தால் கண்ணுக்கு உறுத்தாது. எங்களுக்கு ஆறு. தேர் குலுங்கியது, ஓர் அடி நகர்ந்தது, நின்றது. மறுபடி குலுங்கியது. பிறகு கோபுரத்துக்கு எதிரில் நின்றே போய்விட்டது.

ஹெட்போனில் தினேஷ் குரல்: "யாரு லேக் பண்றது? மாசாய் தானே? மாசாய் கடை ஆளுங்க கொஞ்சம் வடத்த விடுங்க. டெஸ்ட் பண்ணி பாப்போம்."

விட்டோம். நாங்கள் விட்ட அடுத்த நொடி தேர் வழுக்கிக்கொண்டு போனது. எங்கள் திரைகளில் அது விட்டு விட்டுத் தெரிந்தது. முதலில் தேரின் பின்பக்கம், அப்புறம் குடை, அப்புறம் காலித் தெரு.

ஏர்கான் வேலையில் கரண்ட் அடித்து ஏணியிலிருந்து விழுந்தவன் நான். அப்போதுகூட எழுந்து உட்கார்ந்து தண்ணீர் கேட்டேன். அன்றைக்கு நான் தலை நிமிராமல் மவுஸ் ஒயரைச் சுற்றிச் சுற்றி அவிழ்த்துக்கொண்டிருந்தேன்.

முனியாண்டி ஹெட்போனைக் கழற்றி மேசை மேல் வைத்தான். "என்னா பாஸ் இது? கேம்லயுமா வடத்த தொடாதேன்றாங்க?"

தினேஷ் கெட்டவன் இல்லை. தயங்கித் தயங்கித்தான் சொன்னான். "அங்கிள், தப்பா எடுத்துக்காதீங்க. திருவிழா அன்னிக்கு கிராஃபிக்ஸ் கார்டு இல்லாதவங்க வடம் பிடிக்க வேணாம். ரோட்டோரமா நின்னு பாக்கட்டும். தேரு நடுத்தெருவுல நின்னா எல்லாருக்கும் மனசு கஷ்டமா இருக்கும் லா."

"அடுத்த ஞாயித்துக்கெழம இன்னொரு ஒத்திகை வை" என்றேன். "அப்பவும் எங்களால நின்னா, நானே மெயின் சுவிட்ச அடைச்சிடறேன்."

"வைக்கலாம் அங்கிள். ஆனா பழைய ஆபீஸ் மெஷின வச்சிக்கிட்டு என்னா பண்ண முடியும்?"

அந்தக் கேள்வியைத்தான் என்னிடம் வாழ்க்கை முழுவதும் கேட்டிருக்கிறார்கள்.

3. வழக்கமான வைத்தியம்

முதலில் எல்லாரும் செய்வதைச் செய்தேன். பிள்ளைகளே, இதைத் தாண்டாமல் அடுத்த வேலைக்குப் போகாதீர்கள்.

ஒவ்வொரு பெட்டியையும் திறந்து தூசியை ஊதினேன். பிராசஸர் மேல் சூட்டைக் கடத்துவதற்காகத் தடவியிருந்த பழைய பேஸ்ட் காய்ந்து சுண்ணாம்பாகியிருந்தது. துடைத்துவிட்டுப் புதிதாகத் தடவினேன். சூடு ஏறினால் கம்ப்யூட்டர் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். ஏர்கான்காரனுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை.

அடுத்தது ரேம். தனி கிராஃபிக்ஸ் கார்டு இல்லாத கம்ப்யூட்டரில், படம் வரையும் சில்லுக்குச் சொந்த நினைவகம் கிடையாது. பொது ரேமில்தான் அதுவும் கை வைக்கிறது. ஒரே எட்டு ஜி.பி. குச்சியாகப் போடாதீர்கள். நாலு நாலாக ஒரே மாதிரி இரண்டு குச்சி, சரியான இரண்டு ஸ்லாட்டில் போடுங்கள். ஒற்றைக் கதவு இரட்டைக் கதவான மாதிரி இருக்கும். நான் கடைக்குள்ளேயே குச்சிகளை மாற்றி மாற்றி ஜோடி சேர்த்தேன்.

பிறகு செட்டிங்ஸ். திரை அளவை 720-க்கு இறக்கினேன். நிழலை அணைத்தேன். பின்னால் ஓடும் அப்டேட்களை நிறுத்தினேன். அங்கேதான் முதல் அதிர்ச்சி. சில கம்ப்யூட்டர்கள் இன்னமும் பவர் சேவிங்கில் இருந்தன. சிங்கப்பூரில் யாரோ ஓர் ஆபீசர் கரண்ட் மிச்சம் பிடிக்கப் போட்டு வைத்தது. மெஷின்கள் இத்தனை காலமும் பாதித் தூக்கத்திலேயே கேம் ஓட்டியிருக்கின்றன.

எல்லாம் முடித்துக் கோயில் தெருவில் போய் நின்று பார்த்தேன். பதினொன்று.

முனியாண்டி என் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்தான். "பதினொன்னா? இதுல தேர் இழுத்தா அது தேர் இல்ல பாஸ், கல்யாண ஆல்பம். ஒவ்வொரு பக்கமா திருப்பிக்கிட்டே இருக்கலாம்."

"வாய மூடு லா."

"நான் மூடிக்கிறேன். அந்த கேஎல்காரன் தினேஷ் வாய எப்டி மூடுறது?"

4. சுவருக்குப் பின்னால்

வேலையில் கைவராத பிள்ளைகள் இந்த இடத்தில் புது மெஷின் கேட்பார்கள். நான் கேட்கவில்லை. ஒரு கட்டடத்தில் ஃபியூஸ் போய்க்கொண்டே இருந்தால் ஃபியூஸைத் திட்டக்கூடாது. பாதிச் சுவிட்சை அணைத்துப் பார்க்க வேண்டும். போகவில்லையா? அப்படியானால் கோளாறு அணைத்த பாதியில் இருக்கிறது. அதில் பாதி, அதிலும் பாதி. கடைசியில் ஒரு பிளக்கில் போய் நிற்போம்.

மோட்களை அப்படியே செய்தேன். என் கம்ப்யூட்டரில் ஒரு நகல் எடுத்து, பாதி மோட்களை எடுத்துவிட்டுத் தெருவில் நின்று பார்ப்பேன். லாரி மோட் குற்றவாளி இல்லை. வரிசை வீடுகளும் இல்லை. ரொட்டி சானாய் கடையும் இல்லை. கோயிலை எடுத்தேன். முப்பத்தைந்துக்குத் தாவியது.

இன்னொன்றும் செய்து பார்த்தேன். கோயிலைத் திரும்பவும் போட்டுவிட்டு, கேமுக்குள் நடக்கும் என் ஆளைப் பள்ளிக்கூடச் சுவருக்குப் பின்னால் கொண்டுபோய் நிறுத்தினேன். அங்கிருந்து கோயில் தெரியாது. முகத்தை ஆற்றுப் பக்கம் திருப்பினால் முப்பது. சுவரைப் பார்த்துத் திருப்பினால் பத்து. சுவருக்கு அந்தப் பக்கம் கோபுரம். கண்ணுக்குத் தெரியாத கோபுரத்தைக் கம்ப்யூட்டர் மூச்சு வாங்க வரைந்துகொண்டிருக்கிறது!

"அலமாக், அட கடவுளே" என்று சத்தமாகவே சொல்லிவிட்டேன். கடையில் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

சுசீலாவுக்குப் போன் அடித்தேன். "சுசீலா, ஒன் கோபுரத்துக்குள்ள என்னம்மா வச்சிருக்க?"

"சாமிதான் அங்கிள். வேற என்னா வைப்பாங்க?"

"லேப்டாப்ப எடுத்துக்கிட்டு வா."

5. அம்மனின் முதுகு

காலை ஷிப்ட் முடித்து, தொழிற்சாலைச் சட்டையோடு வந்தாள். லேப்டாப்பைத் திறந்து கோபுரத்தின் மாடலைக் காட்டினாள். ஒரு துவாரபாலகரைப் பெரிதாக்கினாள். சுவரிலிருந்து தனியாகப் பிரித்தாள். சுழற்றினாள்.

நான் நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டேன். சிலைக்கு முதுகு இருந்தது. சுவரோடு ஒட்டி நிற்கிற சிலை அது, எவன் போய் அதன் முதுகைப் பார்க்கப்போகிறான்? முதுகில் பூணூல் இருந்தது. இடுப்புப் பட்டையின் முடிச்சு இருந்தது. பின்னங்காலில் தண்டையின் திருகாணி இருந்தது.

"வாய் மூடியிருக்கே, உள்ள என்னா?" என்று கேட்டேன், பயந்துகொண்டே.

உதட்டை விலக்கிக் காட்டினாள். பல் வரிசை. நாக்கு.

"அம்மா தாயே" என்றான் முனியாண்டி. கும்பிட்டானா திட்டினானா என்று எனக்குத் தெரியவில்லை.

கோபுரத்தில் இருந்த அத்தனை சிலையும் அப்படி. கருவறையில் அம்மனைக் காட்டினாள். பட்டுப்புடவைக்கு உள்ளே, யார் கண்ணுக்கும் படாத இடத்தில், ஒட்டியாணம் முழுசாக, கல் கல்லாகப் பதித்திருந்தது. தெருவில் தேர் இழுக்கிற ஒவ்வொருவனுடைய கம்ப்யூட்டரும் இது எல்லாவற்றையும் விநாடிக்கு முப்பது தடவை வரைய வேண்டும். ஆபீஸ் மெஷின் ஆறு தடவையாவது வரைந்ததே என்று எனக்கு அதன்மேல் மரியாதை வந்துவிட்டது.

"ஏம்மா இப்டி பண்ண?"

"சாமிக்கு முதுகு இல்லாம எப்டி அங்கிள் செய்யறது? கொற வச்ச செலைய கோயில்ல கும்பிடமாட்டோம்ல? ஒரு வெரல் ஒடஞ்சாலே எடுத்துடுவாங்க. நான் முதுகே வைக்காம வுட்டா அது என்னா?"

"இது கம்ப்யூட்டர்மா. தெரியாத பக்கத்த வெட்டி எடுத்துடலாம். யாருக்கும் தெரியாது."

"எனக்கு தெரியும்ல?"

"அப்ப நாங்க ரோட்டோரமா நிக்கறது?"

எல்லாரும் இழுத்தால்தான் தேர் என்று விதி வைத்தவள் அவள். இப்போது அம்மனை வெட்ட வேண்டும், இல்லாவிட்டால் எங்களை வடத்திலிருந்து எடுக்க வேண்டும். லேப்டாப்பை மூடினாள். "அதுக்கு நான் கோயிலையே சர்வர்லேர்ந்து தூக்கிடறேன். தேரும் வேணாம், சண்டையும் வேணாம்." பையை மாட்டிக்கொண்டு எழுந்துவிட்டாள்.

ஆக, தேரே இல்லை. முனியாண்டி வேட்டியை மடித்து வைத்துக்கொள்ள வேண்டியதுதான். அவன் முகத்தைப் பார்த்தேன். அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை.

6. அத்திப் பலகை

அப்போது எனக்கு வந்த யோசனை இந்தக் கட்டுரையின் உயிர். அதனால் கொஞ்சம் விளக்கமாக எழுதுகிறேன்.

கோயில் திருப்பணி தொடங்குமுன் பாலாலயம் செய்வார்கள். சிலையில், கோபுரத்தில் வேலைக்காரன் கை வைக்குமுன், அங்கே இருக்கும் சக்தியைப் பூசை செய்து எடுத்து, அத்திப் பலகையில் எழுதிய படத்துக்கு மாற்றி வைப்பார்கள். கோபுரத்துக்கும் அப்படி ஒரு படம் உண்டு. கும்பாபிஷேகம் வரை விளக்கும் பூவும் கற்பூரமும் பலகைக்குத்தான். மூன்று கோயில்களில் அந்தப் பலகைக்கு மேலே பல்ப் மாட்டியவன் நான். ஏணியில் நின்று ஒயரைச் செருகும்போது பலகையின் பின்பக்கத்தைப் பார்த்திருக்கிறேன். வெறும் மரம்.

வாசல் வரை போய்விட்ட சுசீலாவைக் கூப்பிட்டேன்.

"பாலாலயத்துல அம்மன் எங்கம்மா இருந்தா?"

"பலகைல."

"கும்பிட்டியா?"

"கும்பிட்டேன்."

"பலகைக்கு முதுகு இருந்துச்சா?"

அவள் கதவுப் பிடியை விட்டாள். பிறகு வந்து உட்கார்ந்து லேப்டாப்பைத் திறந்தாள்.

"தூரத்துலேர்ந்து பாக்கறப்ப செலைங்க எடத்துல படம். கோயில் வாசலுக்குள்ள வந்தா முழு செலை. அதானே சொல்றீங்க?"

"அதேதான். ஒன் செலைய நீ வெட்டவே வேணாம். முதுகு, பல்லு, நாக்கு எல்லாம் பத்திரமா இருக்கட்டும். கிட்ட வர்றவன் பாத்துக்கட்டும்."

"இதுக்கு பேரு எல்.ஓ.டி. அங்கிள். தூரத்துக்கு ஒன்னு, கிட்டத்துக்கு ஒன்னு. ரோட்ல இருக்கற மரத்துக்கெல்லாம் நானே போட்டிருக்கேன்." நெற்றியில் கை வைத்துக்கொண்டாள். "சாமிக்கு போடலாம்னு தோணவே இல்ல."

"பேரு என்னவா வேணா இருக்கட்டும். யோசனை என்னுது."

கருவறைக்கும் நானே வழி சொன்னேன். அலங்காரம் நடக்கும்போது சந்நிதிக்குத் திரை போடுவதில்லையா? திரைக்குப் பின்னால் இருப்பதை ஆள் பார்ப்பதில்லை, கம்ப்யூட்டரும் பார்க்க வேண்டாம். உள்மண்டபத்துக்குள் கால் வைக்கும் வரை அம்மனை வரையவே கூடாது. சுசீலா அதையும் போட்டாள். கோயிலைச் சுற்றி இருந்த அகல் விளக்குகள் ஒவ்வொன்றும் தனித்தனியாக வெளிச்சம் வீசிக்கொண்டிருந்தன. சுடரை மட்டும் விட்டுவிட்டு, வெளிச்சத்தை நாலு மூலைக்கு நாலு என்று குறைத்தாள். அது அவளுடைய யோசனை. அவளுடையதை நான் என்னுடையது என்று சொல்லமாட்டேன்.

மாற்றுவதற்கு முன்னால் ஒன்று கேட்டாள். "மொறையா செய்யணும் அங்கிள்." முழு மாடலை ஒரு பென் டிரைவில் நகல் எடுத்து, அதில் மஞ்சள் நூல் சுற்றி, கடையின் சாமி மேடையில் வைத்தாள். முனியாண்டி ஓடிப்போய்க் கற்பூரம் வாங்கி வந்தான். அதிகமாகவே வைத்துவிட்டான். கடையில் ஸ்மோக் அலாரம் கத்தியது. அதுவும் நான் மாட்டியதுதான், நன்றாக வேலை செய்கிறது.

முதல் சோதனையில் இன்னொரு திடுக். தெருவில் நடந்து வந்த முனியாண்டி நாற்காலியிலிருந்து துள்ளினான். "பாஸ்! சாமி சட்டுனு ஒடம்பு எடுக்குது!"

படமாக இருந்த சிலை வாசல் கிட்டே வந்ததும் பட்டென்று உருண்டு திரண்டு நின்றது. பார்த்தவன் பயந்துபோவான். நான் சுசீலாவிடம் சொன்னேன், கோயில் வாசலில் மாவிலைத் தோரணத்தைக் கொஞ்சம் தாழ்த்திக் கட்டு, அதற்குக் கீழே தலை நுழைகிற அந்தக் கணத்தில் மாற்று. தோரணத்தைத் தாண்டி நிமிரும்போது முழுச் சிலை நிற்கும். மாறியது யாருக்கும் தெரியவில்லை.

கோயில் தெருவில் நின்று எண்ணைப் பார்த்தேன். இருபத்தெட்டு. நான் நம்பவில்லை. மெஷினை அணைத்துப் போட்டேன். இருபத்தெட்டு. கடையில் இருப்பதிலேயே மோசமான கம்ப்யூட்டருக்கு மாறி உட்கார்ந்தேன். இருபத்தைந்து. எனக்குக் கண் நிறைந்துவிட்டது. அதை முனியாண்டி பார்த்துவிட்டு, "கற்பூரப் பொக" என்று எல்லாரிடமும் சொன்னான். நல்லவன்.

7. இரண்டாம் ஒத்திகை

ஞாயிறு மதியம். வேட்டி திரும்பவும் வந்தது. எல்லாரும் புது மோட்டை இறக்கிக்கொண்டார்கள். மாசாய்க்காரர்கள் வடத்தைப் பிடித்தோம்.

தேர் கிளம்பியது. முதல் தெரு. பள்ளிக்கூடம். கோயில் தெரு முனை. நான் உட்காரவில்லை. வரிசைக்குப் பின்னால் நடந்து ஒவ்வொரு திரையிலும் எண்ணைப் பார்த்துக்கொண்டே போனேன். இருபத்தேழு, இருபத்தெட்டு, இருபத்தாறு. தேர் குலுங்கவில்லை. கோபுரம் நெருங்கியது.

தேர் நின்றது.

ஹெட்போனில் ஒரே இரைச்சல். "மாசாய்! மறுபடியுமா?" என்றது ஒரு குரல். "சொன்னோம்ல?" என்றது இன்னொன்று. தினேஷ் மட்டும் மெதுவாக, "அங்கிள், நீங்க முயற்சி பண்ணீங்க. பரவால்ல. வடத்த விட்டுடுங்க" என்றான்.

எங்கள் ஆட்கள் விசைப்பலகையிலிருந்து கையை எடுக்கப் போனார்கள். "எவனும் விடாத!" என்று கத்தினேன். என் திரைகளில் எண் இறங்கவே இல்லை. இருபத்தெட்டு, இருபத்தெட்டு, இருபத்தேழு. பிறகு ஏன் நிற்கிறது? அடைக்கிறேன் என்று வாக்குக் கொடுத்த மெயின் சுவிட்ச் என் தலைக்கு நேரே சுவரில் இருந்தது.

அப்போது ஹெட்போனில் ஒரு பெண் குரல் வந்தது.

"டேய், யாருடா அது மாசாய் மாசாய்னு கத்தறது? நான்தான் தேருக்கு முன்னால நிக்கறேன்."

கிள்ளானில் இருந்து விளையாடும் சரோஜா அக்கா. கோயில் தெருவில்தான் அவருடைய வீடு, அதாவது கேமில். தேருக்கு முன்னால் ஆள் நின்றால் தேர் நகரக்கூடாது என்று சுசீலா பாதுகாப்புக்கு வைத்திருந்தாள். ஒத்திகையில் வேறு யாரும் அப்படி வந்து நிற்கவில்லை.

"அக்கா, அங்க என்னா பண்றீங்க? தள்ளுங்க" என்றான் தினேஷ்.

"அர்ச்சன தட்டு எடுத்துக்கிட்டு வந்திருக்கேன். என் வாசலுக்கு வந்த தேரு நிக்காம போவுமா? எந்த ஊருல போவும்? தேங்கா ஒடைக்கணும், தேங்கா எங்க இருக்குன்னு தேடிக்கிட்டு இருக்கேன், நீ என்னாடான்னா மாசாய திட்டறே. தேங்காய்க்கு எந்த பட்டன் சுசீலா?"

சுசீலா தேங்காய் செய்யவே இல்லை. பல்லும் நாக்கும் செய்தவள் அதை மறந்துவிட்டாள்.

யார் முதலில் சிரித்தார்கள் என்று தெரியாது. என் கடை சிரித்தது, பினாங்கு சிரித்தது, தினேஷ் சிரித்துச் சிரித்து இருமினான். சரோஜா அக்கா தேங்காய் இல்லாமலே கும்பிட்டுவிட்டு ஓரமாக நகர்ந்தார். தேர் கிளம்பியது. கோபுரத்தைக் கடந்தது, தெருவைச் சுற்றியது, நிலைக்கு வந்து சேர்ந்தது. எங்கள் ஆட்கள் யாரும் வடத்தை விடவில்லை.

முனியாண்டி கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "வலிக்குது பாஸ்" என்றான். விசைப்பலகையை அவ்வளவு அழுத்திப் பிடித்திருக்கிறான்.

8. உபயம்

திருவிழாவும் நடந்தது. சரோஜா அக்காவுக்குத் தேங்காயும் கிடைத்தது. கிராஃபிக்ஸ் கார்டு விதியைத் தினேஷ் எடுத்துவிட்டான். இப்போது வேறு மாநிலங்களிலும் பழைய லேப்டாப் வைத்திருப்பவர்கள் வடம் பிடிக்கிறார்கள்.

பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டியது இதுதான். மெஷின் திணறினால் மெஷினைத் திட்டுவதற்கு முன்னால் அதன் தலையில் என்ன ஏற்றி வைத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். பாதி பாதியாக அணைத்துப் பாருங்கள். சுவருக்குப் பின்னால் போய் நின்று பாருங்கள். பவர் சேவிங்கை முதலில் பாருங்கள். தேர் நின்றால் இழுக்கிறவனை மட்டும் பார்க்காதீர்கள், முன்னால் போய் யார் நிற்கிறார்கள் என்றும் பாருங்கள்.

இனி என் கடைசி அதிர்ச்சி. புது மோட்டை வெளியிட்டபோது சர்வரில் ஓர் அறிவிப்புப் போட்டார்கள். 'கோயில், தேர்: சுசீலா. எஃப்.பி.எஸ். மேம்பாடு: நம்ம தாமான் குழு.' நான் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடியும் படித்தேன். மாசாய் என்ற சொல்லே அதில் இல்லை.

சுசீலாவிடம் கேட்டேன். "நான் உங்க பேர போட்டேன் அங்கிள். கோட் எழுதனவங்க பேர் மட்டும்தான்னு ரூல் இருக்காம், எடுத்துட்டாங்க" என்றாள்.

தினேஷைக் கேட்டேன். "அங்கிள், எல்.ஓ.டி. ஒலகம் பூரா இருக்கு. அதுக்கு ஒங்க பேர போட்டா சிரிப்பாங்க லா."

"ஒலகம் பூரா இருந்துச்சு தம்பி. நம்ம கோபுரத்துல இருந்துச்சா?"

அவன் யோசித்துச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறான். இன்னும் யோசிக்கிறான். அதனால்தான் இதை எழுதி எல்லாருக்கும் தெரியவைக்கிறேன். கோயிலுக்கு டியூப் லைட் வாங்கிக் கொடுத்தவன்கூட அதில் தன் பெயரை எழுதித்தான் கொடுக்கிறான். எத்தனை கோயிலில் அந்தப் பெயர்களை நானே துடைத்து மாட்டியிருக்கிறேன். நான் அம்மனின் முதுகைக் காப்பாற்றிக் கொடுத்தவன். எங்கள் ஆட்களை ரோட்டோரத்திலிருந்து வடத்துக்குத் திருப்பிக் கொண்டுவந்தவன்.

தம்பி தினேஷ், கோபுர வாசலில் இடதுபக்கச் சுவர் காலியாக இருக்கிறது. அங்கே ஒரு பலகை வை. 'பலகை யோசனையும் திரை யோசனையும்: வேலு, மாசாய்.' அவ்வளவு போதும். என் கடையின் மோசமான கம்ப்யூட்டரில் அப்படி ஒன்றை வைத்துப் பார்த்துவிட்டேன், ஓர் எஃப்.பி.எஸ்.கூடக் குறையவில்லை. அந்தப் பலகைக்கு முதுகு வேண்டாம்.